வீட்டை அடகு வைத்த முதல்வரும் வெண்கலம் வென்ற வீரரும்

(இரண்டாம் ஆண்டு, இளம் அறிவியல் - இயற்பியல்)

எங்கள் அப்பாருக்குக் குஸ்தி என்றால் உயிர். தாராசிங், கிங்காங் என்ற பெயர்களைச் சொல்லும்போதே அவர் முகம் மலரும். உடல் வலிமையைப் போற்றும் மண் நம் கொங்கு மண். உடற்பயிற்சியால் 'சாண்டோ' என்ற பட்டத்தோடு புகழ் பெற்று, பின்னர்ப் படத் தயாரிப்பாளராக உயர்ந்த சின்னப்பா தேவரும் நம் கோவைக்காரரே. ஆனால் விடுதலை பெற்ற இந்தியாவுக்கு ஒலிம்பிக்கில் முதல் தனிநபர் பதக்கம் வென்று தந்த மல்யுத்த வீரர் யார் என்று அப்பாரிடம் கேட்டேன். அவருக்குத் தெரியவில்லை. சில மாதங்களுக்கு முன்புவரை எனக்கும் தெரியாது. அவர்தான் காஷாபா தாதாசாகேப் ஜாதவ்.

இளமை

மராட்டிய மாநிலம் சாத்தாரா மாவட்டத்தில், கராடு நகருக்கு அருகே உள்ள சிற்றூர் கோலேஷ்வர். அங்கு 1926-ஆம் ஆண்டு ஜனவரி 15-ஆம் நாள், ஐந்து ஆண்மக்களில் இளையவராக ஜாதவ் பிறந்தார். தந்தை தாதாசாகேப் ஒரு பயில்வான். தாய்ப்பால் மணம் மாறாத வயதிலேயே மகனைக் கோதாவில் இறக்கிப் பழக்கினார். கராடில் பள்ளிப் படிப்பை முடித்த ஜாதவ், கோலாப்பூர் இராஜாராம் கல்லூரியில் சேர்ந்தார். சாகு மகாராஜா காஸ்பாக் மைதானத்தை எழுப்பி மல்யுத்தத்தை வளர்த்த ஊர் அது. குஸ்திக்காரனுக்கு அதைவிடச் சிறந்த பல்கலைக்கழகம் வேறு ஏது?

ஆள் உயரத்தில் குறைவு, வேகத்தில் நிறைவு. எதிராளியின் தலையைக் கைக்குள் சிறைப்பிடித்துத் தரையில் வீழ்த்தும் பிடியில் அவர் வல்லவர்.

இலண்டன் தந்த பாடம்

1948-இல் இலண்டன் ஒலிம்பிக்கிற்குச் செல்லும் வாய்ப்பு வந்தது. பயணச் செலவைக் கோலாப்பூர் மகாராஜா ஏற்றார். அதுவரை மண் கோதாவில் புரண்டவர், அங்கே மெத்தை விரிப்பில் கால் வைத்தார். நம் குஸ்தியில் எதிரியின் முதுகு மண்ணைத் தொட்டால் வெற்றி. அங்கோ புள்ளிக் கணக்கு, நேரக் கணக்கு, புதுப்புது விதிகள். அப்படியிருந்தும் 52 கிலோ எடைப் பிரிவில் ஆறாம் இடம் பெற்றார். வேறொருவராக இருந்தால் அத்துடன் மனநிறைவு கொண்டிருப்பார். ஜாதவோ ஊர் திரும்பியதும் அடுத்த நான்காண்டுக்கான பயிற்சியைத் தொடங்கினார்.

தடைகள்

1952-இல் ஹெல்சிங்கி ஒலிம்பிக் வந்தது. தேர்விலேயே சிக்கல். சென்னையில் நடந்த தேசியப் போட்டியில் தமக்கு ஒரு புள்ளி குறைத்து அளிக்கப்பட்டதாக ஜாதவ் முறையிட்டார். பாட்டியாலா மகாராஜாவின் தலையீட்டால் மறு வாய்ப்புக் கிடைத்தது. எதிர்த்தவரை வீழ்த்தி அணியில் இடம் பிடித்தார்.

அடுத்த தடை பணம். ஊர் மக்கள் தங்களால் இயன்றதைத் திரட்டினார்கள். போதவில்லை. அப்போது முன்வந்தவர், அவர் பயின்ற இராஜாராம் கல்லூரியின் முதல்வர் கர்டேகர். தம் வீட்டை அடகு வைத்து 7,000 ரூபாய் பெற்றுத் தந்தார். எண்ணிப் பாருங்கள் நண்பர்களே! பெற்ற மகனுக்காக வீட்டை அடகு வைப்பவர் உண்டு. ஒரு மாணவனுக்காக வைப்பவர் எத்தனை பேர்?

ஹெல்சிங்கி

57 கிலோ எடைப் பிரிவில் கனடா, மெக்சிகோ, ஜெர்மனி நாட்டு வீரர்களை ஜாதவ் வென்றார். ஜப்பானின் இஷியுடன் நெடுநேரம் போராடித் தோற்றார். களைப்புத் தீருமுன்பே சோவியத் வீரருடன் மோத அழைத்தார்கள். இடையில் ஓய்வு தரவேண்டும் என்பது விதி. ஆனால் அதை எடுத்துச் சொல்ல இந்திய அதிகாரி எவரும் பக்கத்தில் இல்லை. களைத்த உடம்போடு இறங்கித் தோல்வியுற்றார். இஷி தங்கமும், சோவியத் வீரர் வெள்ளியும் பெற்றனர். ஜாதவுக்கு வெண்கலம்.

ஊர் அவரைக் கைவிடவில்லை. கராடு இரயில் நிலையத்திலிருந்து கோலேஷ்வர் வரை நூற்றுக்கு மேற்பட்ட மாட்டு வண்டிகள் ஊர்வலமாகச் சென்றன. இந்த ஆரவாரம் அடங்கியபின் அவர் செய்த செயலே என் நெஞ்சைத் தொட்டது. கோலாப்பூரில் குஸ்திப் போட்டிகளை நடத்தி, தாமும் களமிறங்கிப் பணம் சேர்த்தார். அந்தப் பணத்தில் முதல்வரின் வீட்டை மீட்டுக் கொடுத்தார். பதக்கம் அவருடைய வலிமையைக் காட்டியது. இச்செயல் அவருடைய பண்பைக் காட்டியது.

பிற்கால வாழ்க்கை

1955-இல் பம்பாய் காவல்துறையில் உதவி ஆய்வாளராகச் சேர்ந்தார். பதவி உயர்வு எளிதில் வரவில்லை. பல்லாண்டுகளுக்குப்பின் உதவி ஆணையராக ஓய்வு பெற்றார். ஓய்வூதியத்திற்கும் போராட நேர்ந்தது. 1982-இல் டெல்லி ஆசிய விளையாட்டுப் போட்டியின் சுடர் ஓட்டத்தில் அவருக்கு இடம் அளித்தார்கள். இரண்டே ஆண்டுகளில், 1984 ஆகஸ்டு 14 அன்று, சாலை விபத்தில் உயிர் நீத்தார்.

அவருக்குப்பின் இன்னொரு தனிநபர் பதக்கம் கிடைக்க, 1996-இல் அட்லாண்டாவில் டென்னிஸ் வீரர் லியாண்டர் பயஸ் வெல்லும்வரை 44 ஆண்டுகள் நாடு காத்திருந்தது. மல்யுத்தத்திலோ 2008-இல் சுஷீல் குமார் வரும்வரை 56 ஆண்டுகள்! ஜாதவுக்கு அர்ஜுனா விருது மறைவுக்குப் பின்னரே வழங்கப்பட்டது. 2010-இல் டெல்லி மல்யுத்த அரங்கிற்கு அவர் பெயரைச் சூட்டினார்கள். பூவைச் சூட்டினோம்; சூடிக்கொள்ள அவர் இல்லை.

நிறைவாக

எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். சென்ற ஆண்டு தேர்வுக் கட்டணம் செலுத்தக் கடைசி நாள். பால் பணம் வந்து சேரவில்லை. துறை வாசலில் தயங்கி நின்ற என்னை, விரிவுரையாளர் ஒருவர் அழைத்துக் காரணம் கேட்டார். மறுபேச்சின்றிப் பணத்தைக் கட்டிவிட்டார். திருப்பிக் கொடுக்கச் சென்றபோது, வேலைக்குப் போனபின் தரலாம் என்று சிரித்தபடி அனுப்பிவிட்டார். தொகை சிறிதுதான். ஆனால் ஜாதவின் வரலாற்றைப் படித்த அன்றிரவு அந்தக் கடன் எனக்குப் பெரிதாகத் தெரிந்தது.

வெற்றி பெறுவது ஒரு திறமை. வெற்றிக்குத் தோள் கொடுத்தவரை மறவாதிருப்பது அதனினும் பெரிய திறமை. கோதாவில் இறங்காத நமக்கும் அந்தப் பிடி கைவரட்டும். எனக்குக் கிடைக்கும் முதல் சம்பளத்தில் முதல் செலவு எதுவென்று நான் முடிவு செய்துவிட்டேன்.