பொறுமையின் கண்: இராபர்ட் பிளாஹர்ட்டி

அமெரிக்காவின் மிச்சிகன் மாநிலத்தில், அயர்ன் மவுண்டன் என்னும் சுரங்க ஊரில் 1884ஆம் ஆண்டு பிறந்தவர் இராபர்ட் பிளாஹர்ட்டி. தந்தையார் கனிமம் தேடித் திரிந்தவர். மைந்தரும் அவ்வழியே சென்று, 1910 முதல் கனடாவின் ஹட்சன் விரிகுடாப் பகுதியில் இரும்புத்தாது தேடி அலைந்தார். 1913இல் தம்மை அனுப்பிய இருப்புப்பாதை அதிபர் வில்லியம் மெக்கன்சியின் யோசனைப்படி ஒரு படக்கருவியையும் உடன் கொண்டு சென்றார். கனிமத் தேடல் பின்தங்கிற்று, படக்கருவி முந்திக்கொண்டது.

1916இல் டொரண்டோவில் படத்தைத் தொகுத்தபோது, கையிலிருந்த சிகரெட் நழுவி வீழ்ந்து ஏறத்தாழ முப்பதாயிரம் அடிச் சுருள் எரிந்தது. எஞ்சிய ஒரு படியைப் போட்டுப் பார்த்த பிளாஹர்ட்டிக்கு அது வெறும் பயணக் காட்சித் தொகுப்பாகவே தோன்றியது. தீயினும் அவரை மாற்றியது இத்தெளிவே என்பது நம் எண்ணம். பலரைப் பறந்து பார்ப்பதைவிட ஒரு குடும்பத்தை உடனிருந்து காண்பதே மேல் என்று அவர் துணிந்தார்.

ரெவியோன் பிரேர் என்னும் பிரெஞ்சு மென்மயிர்த்தோல் வணிக நிறுவனம் பொருளுதவ, 1920இல் மீண்டும் வடக்கே சென்று ஓராண்டு தங்கினார். அல்லகரியல்லக் என்னும் இனுவிட் வேட்டைக்காரரே படத்தின் நானூக் ஆனார். சுருள்களை அங்கேயே கழுவி அம்மக்களுக்கே காட்டினார். வால்ரஸ் வேட்டைக் காட்சியைக் கண்டவர்கள், விலங்கை விடாமல் பிடிக்குமாறு திரையை நோக்கிக் கூச்சலிட்டனராம்! அதன்பின் அவர்கள் படத்தின் கூட்டாளிகளாயினர்.

1922இல் வெளிவந்த 'நானூக் ஆஃப் தி நார்த்' படத்தில் பனிவீடு கட்டும் பகுதியை மாணவர்கள் கண்டிப்பாகக் காண வேண்டும். நானூக் தெளிந்த பனிக்கட்டி ஒன்றை அறுத்தெடுக்கிறார். எதற்கென்று நமக்குப் புரிவதில்லை. சுவரில் துளையிட்டு அதைப் பொருத்தியதும் பலகணி பிறக்கிறது. பக்கத்தில் நிறுத்திய பனிப்பாளம் ஒளியை உள்ளே திருப்புகிறது. முன்கூட்டி விளக்காமல், கைத்தொழிலே கதை சொல்லும்வரை காத்திருப்பதுதான் பிளாஹர்ட்டியின் முறை.

ஆயினும் மறைத்தல் தகாது. படக்கருவிக்கு ஒளி போதாமையால் பாதி திறந்த பனிவீட்டில் உட்காட்சிகள் எடுக்கப்பட்டன. துப்பாக்கி பழகிவிட்ட மக்களை ஈட்டி ஏந்தச் செய்தார். 1934இல் வந்த 'மேன் ஆஃப் ஆரன்' படத்திற்காக, அத்தீவினர் கைவிட்டிருந்த சுறா வேட்டையைப் புதிதாகக் கற்க நேர்ந்தது. கண்டதைக் காட்டியவர், காண விரும்பியதையும் காட்டினார். இவ்விரண்டையும் பிரித்தறிவது பார்ப்பவர் கடன்.

'எலிபன்ட் பாய்' படத்திற்காக மைசூருக்கு வந்தபோது, யானைப்பாகன் மகனான சாபு என்னும் முஸ்லிம் சிறுவன் நாயகனானான். நம் பெரியோர் சிலர் அவனை 'தீஃப் ஆஃப் பாக்தாத்' படத்தில் கண்டிருக்கலாம். பிளாஹர்ட்டி மைசூரில் எடுத்தவற்றோடு, இங்கிலாந்தின் படப்பிடிப்பு அரங்கில் சோல்டான் கோர்டா எடுத்த காட்சிகளைச் சேர்த்து 1937இல் படம் வெளியாயிற்று. காட்டு யானைகளின் பகுதிகளில் மட்டும் பழைய பொறுமை தெரிகிறது.

எண்ணெய் நிறுவனம் ஒன்றின் பொருளுதவியால் 1948இல் 'லூசியானா ஸ்டோரி' எடுத்தார். 1951 ஜூலையில் வெர்மான்ட் மாநிலத்தில் மறைந்தார்.