கடைசியாக வெளியேறியவர்

மழை என்றால் என்னவென்று நோட்டன் பிரிட்ஜ் பகுதி வாசகர்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. கெஹெல்கமு ஓயா பெருகி ஓடும் மாதங்களில், தலையில் கம்பளியும் இடுப்பில் படங்குமாக மலைக்கு ஏறுகிறவர்கள் நீங்கள். கான் வெட்டும் வேலையும் உங்களுக்குப் பழக்கமானதே. இப்பொழுது ஒரு கானை மனக்கண்முன் கொண்டு வாருங்கள். அதை ஓர் ஆள் உயரத்துக்கு ஆழமாக்குங்கள். அதன் அடியில் முழங்கால் அளவு சேறு நிரம்பியிருக்கட்டும். அதற்குள்ளேயே ஐம்பது பேர் இரவும் பகலும் நிற்கவும் உண்ணவும் உறங்கவும் வேண்டும். தலையைச் சற்று உயர்த்தினாலும் எதிரியின் குண்டு வந்து பாயும் என்றும் எண்ணிப் பாருங்கள். 1914 தொடக்கம் 1918 வரை நடந்த முதலாம் உலகப் போரில், பிரான்சிலும் பெல்ஜியத்திலும் இலட்சக்கணக்கான இளைஞர்கள் இப்படித்தான் வாழ்ந்தார்கள்; இப்படித்தான் மாண்டார்கள். இங்கிலாந்து, வேல்ஸ், ஸ்கொட்லாந்து, அயர்லாந்து ஆகிய நாடுகளிலிருந்து வந்தவர்களோடு, நமது இலங்கையிலிருந்து சென்றவர்களும் அங்கே இருந்தார்கள். அவர்களுள் ஒருவரின் வரலாற்றை இவ்வாரம் உங்கள் முன் வைக்கிறோம்.

அவர் பெயர் பசில் ஆர்தர் ஹோர்ஸ்போல். 1887ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதம் 4ஆம் திகதி கொழும்பில் பிறந்தார். பெற்றோர் ஆங்கிலேயர். அந்நாளில் கொழும்பு முகத்துவாரத்தில் இருந்த புனித தோமஸ் கல்லூரியில் படித்தார். பின்னர் இங்கிலாந்திலுள்ள மார்லோ என்னும் ஊரில் கல்வியைத் தொடர்ந்தார். சில காலம் பார்க்ளேஸ் வங்கியில் வேலை பார்த்தார். ஆனால் பிறந்த மண் அவரை மீண்டும் அழைத்தது. இலங்கைக்குத் திரும்பி இறப்பர் தோட்டத் துரையானார். அதன்பின் பொதுவேலைத் திணைக்களத்தில் அரசாங்க உத்தியோகம் ஏற்றார். அன்றைய ஆளும் இனத்து இளைஞர் ஒருவருக்கு இது சாதாரணமான வாழ்க்கைதான். போர் வராதிருந்தால் அவர் பெயரை இன்று எவரும் அறிந்திருக்க மாட்டார்கள்.

1914இல் போர் மூண்டது. அச்செய்தி நமது மலைகளையும் எட்டியது. தோட்டத் துரைமார் சேர்ந்து நடத்திய இலங்கைத் தோட்டத்துரைமார் துப்பாக்கிப் படைக்குக் கண்டியிலே தலைமையகம் இருந்தது. அவ்வாண்டு ஒக்டோபர் மாதத்தில் அப்படையின் ஒரு பகுதியினர், 8 அதிகாரிகளும் 229 வீரர்களுமாக, கொழும்பில் கப்பலேறி எகிப்துக்குச் சென்றார்கள். அங்கிருந்து 1915இல் துருக்கி நாட்டுக் கலிப்பொலிக் கடற்கரைப் போருக்கும் போனார்கள். பங்களாவில் வாழ்ந்து பழகிய பலர் திரும்பி வரவேயில்லை. ஹோர்ஸ்போல் இலங்கைப் பொறியியல் தொண்டர் படையில் சேவை செய்துகொண்டிருந்தார். 1916இல் அவர் இங்கிலாந்து சென்று, கிழக்கு லங்காஷயர் படையணியில் இரண்டாம் லெப்டினன்ட் என்னும் பதவியைப் பெற்றார். அதிகாரிகளுக்குள் அதுவே கீழ்ப்படி.

அன்பர்களே, அந்தக் கீழ்ப்படி அதிகாரியின் வேலை என்னவென்பதை நாம் அறிந்துகொள்ள வேண்டும். பதுங்குகுழியில் அவர்தான் தம் பிரிவினருக்குத் தாயும் தகப்பனும். ஈரத்திலேயே நாட்கணக்கில் நின்றால் கால் வீங்கி, மரத்து, அழுகத் தொடங்கும். ஆகவே ஒவ்வொருவனும் சப்பாத்தைக் கழற்றிக் காலில் திமிங்கில எண்ணெய் தடவி, காய்ந்த காலுறை மாற்றினானா என்று அதிகாரியே குனிந்து பார்க்க வேண்டும். வீரர்கள் வீட்டுக்கு எழுதும் கடிதங்களை, இராணுவ இரகசியம் வெளியேறாதபடி, அவரே வாசித்து அனுப்ப வேண்டும். எவனுடைய மனைவி நோயுற்றிருக்கிறாள், எவனுடைய குழந்தை பேசத் தொடங்கிவிட்டது என்பதெல்லாம் அவருக்குத் தெரிந்துவிடும். விடியற்காலையிலும் அந்திப் பொழுதிலும் எதிரி வரக்கூடும் என்று எல்லோரும் துப்பாக்கியோடு படியில் ஏறி நிற்பார்கள். எலிகள் உணவையும் பிணத்தையும் தின்று கொழுத்தன. பேன் ஒருவரிடமிருந்து மற்றவருக்குக் காய்ச்சலைக் கொண்டு சென்றது. 1915 ஏப்ரில் மாதம் தொடக்கம் நச்சுப் புகையும் வந்து சேர்ந்தது.

அந்த இருளிலே அவர்களுக்குக் கிடைத்த சிறு ஆறுதல்களில் ஒன்று தேநீர். பிரித்தானிய வீரன் ஒவ்வொருவனுக்கும் நாளொன்றுக்கு ஏறத்தாழ 18 கிராம் தேயிலை அளந்து கொடுக்கப்பட்டது. பெற்றோல் தகரத்தில் சுமந்து வந்த நீரில் அதைக் காய்ச்சினார்கள். தேநீரில் பெற்றோல் நாறியது. ஆனாலும் அதற்காகவே காத்திருந்தார்கள். அந்தத் தேயிலை இந்தியாவிலிருந்தும் இலங்கையிலிருந்தும் சென்றது. உங்கள் பாட்டியோ அவருடைய தாயோ அட்டைக்கடியோடு கொய்த கொழுந்து, அந்தச் சேற்றுக் குழியில் ஒருவனுடைய குளிர்ந்த கைகளைச் சூடாக்கியிருக்கலாம். அவர்களுக்கோ தோட்டத்தை விட்டு நினைத்தபடி வெளியேறும் உரிமைகூட அப்போது இல்லை. கடன்கணக்கு எழுதிய துண்டு இல்லாமல் வேறு தோட்டத்தில் பெயர் பதியவும் முடியாது. அந்தத் துண்டு முறை 1921இல்தான் ஒழிந்தது. போரைப் பற்றிப் பேசும்போது இதையும் மறக்கக் கூடாது.

ஹோர்ஸ்போல் கடைசியாக இணைக்கப்பட்டிருந்தது கிழக்கு லங்காஷயர் படையணியின் 11ஆவது பட்டாளத்தில். அக்றிங்டன் என்ற நெசவாலை நகரத்தையும் அதன் சுற்றூர்களையும் சேர்ந்த இளைஞர்கள் 1914இல் கூட்டாகச் சேர்ந்து அமைத்த பட்டாளம் அது. அண்ணன் தம்பி, அயல் வீட்டார், ஒரே ஆலைத் தொழிலாளர் என்று எல்லோரும் ஒன்றாகவே சேர்ந்தார்கள், ஒன்றாகவே விழுந்தார்கள். 1916 யூலை 1ஆம் திகதி சொம் நதிப் போரின் முதல் நாள் காலையில், சேர் என்னும் கிராமத்தை நோக்கிக் குழியிலிருந்து எழுந்து நடந்தவர்கள் ஏறத்தாழ 720 பேர். அரை மணி நேரத்துக்குள் 584 பேர் இறந்தோ காயமுற்றோ காணாமற் போயோ விட்டார்கள். அந்த ஒரே நாளில் பிரித்தானியப் படை முழுவதிலும் 19,240 பேர் மாண்டார்கள். அடுத்த வாரம் மாமெட்ஸ் காட்டுப் போரிலே வேல்ஸ் நாட்டுப் படைப்பிரிவு ஏறத்தாழ 4,000 பேரை இறப்பிலும் காயத்திலும் இழந்தது. நிலக்கரிச் சுரங்கத்திலும் மலைப் பண்ணையிலும் உழைத்து வந்த பிள்ளைகள் பலர் அவர்களுள் இருந்தார்கள். ஒரு தோட்டத்தின் எல்லா லயங்களிலும் ஒரே நாளில் ஒப்பாரி எழுந்தால் எப்படியிருக்கும்? அக்றிங்டன் நகரம் அப்படித்தான் இருந்தது.

இத்தகைய துயரத்தைச் சுமந்த பட்டாளத்தில்தான் நமது கொழும்பில் பிறந்தவர் வந்து நின்றார்.

1918 மார்ச் 21ஆம் திகதி ஜெர்மானியர் தமது மாபெரும் தாக்குதலைத் தொடங்கினார்கள். ஆண்டுக்கணக்கில் அசையாதிருந்த போர்முனை உடைந்தது. பிரித்தானியப் படை பின்வாங்கிக் கொண்டேயிருந்தது. மார்ச் 27ஆம் திகதி, அவ்வாண்டின் பெரிய வாரத்துப் புதன்கிழமை. மொயென்வில், அப்லென்செவெல் என்னும் இரு பிரெஞ்சுக் கிராமங்களுக்கு இடையே ஹோர்ஸ்போல் தமது பட்டாளத்தின் நடுப் பிரிவுக்குத் தலைமை தாங்கி நின்றார்.

எதிரியின் முதல் தாக்குதலிலேயே அவருடைய முன்னணிக் குழுக்கள் மூன்றும் பின்னே தள்ளப்பட்டன. அவருக்குத் தலையில் காயம். ஆனாலும் எஞ்சியவர்களை அங்கேயே ஒன்றுகூட்டி எதிர்த்துத் தாக்கி, இழந்த இடத்தை மீட்டார். அப்போதுதான் செய்தி வந்தது: அவருடைய அணியில் இருந்த மற்ற மூன்று அதிகாரிகளில் இருவர் இறந்துவிட்டார்கள், ஒருவர் காயமுற்றார். மருந்து கட்டுமிடத்துக்குப் போக அவர் மறுத்துவிட்டார். காயமோ கடுமையானது, போவதற்கு அவருக்கு முழு நியாயமும் இருந்தது. ஆனால் அவர் போனால் அந்த ஆட்களுக்கு அதிகாரி எவரும் இல்லை. பின்பு பீரங்கிக் குண்டுகள் மழையாகப் பொழிந்தபோது தம் ஆட்களைச் சற்றுப் பின்னே கொண்டு சென்றார். குண்டுவீச்சு ஓய்ந்த உடனே மீண்டும் தாக்கி, இரண்டாம் முறையும் அதே இடத்தைப் பிடித்தார். கடைசியில் பின்வாங்கும்படி மேலிடத்துக் கட்டளை வந்தது. எல்லோரையும் அனுப்பிவிட்டு, கடைசி ஆளாக அவர் வெளியேறினார். களைத்துப் போயிருந்தும், தேவைப்பட்டிருந்தால் அவ்விடத்தை இன்னும் காத்திருக்க முடியும் என்றே தெரிவித்தார். பின்னணி நிலைகளுக்குத் திரும்பும் வழியிலே கொல்லப்பட்டார். அப்பொழுது அவருக்கு வயது 30.

பிரித்தானிய அரசின் மிக உயர்ந்த வீர விருதான விக்டோரியா சிலுவை, அவர் இறந்தபின் 1918 மே மாதத்தில் அவருக்கு அறிவிக்கப்பட்டது. அப்பதக்கம் இங்கிலாந்தில் பிரெஸ்ரன் நகரத்துப் படையணி அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அவருடைய உடலுக்கோ அறியப்பட்ட கல்லறை இல்லை. பிரான்சின் அராஸ் நினைவுச் சுவரில், கல்லறை தெரியாத ஏறத்தாழ 35,000 பேரின் பெயர்களுக்குள் அவர் பெயரும் ஒன்று.

வாசகர்களே, உங்களுள் சிலர் கேட்கலாம்: துரை ஒருவரின் கதை நமக்கு எதற்கு? அவர் அரசுக்காகப் போரிட்டார், விருதும் பெற்றார். மன்னார்க் கரையிலிருந்து மாத்தளைக்கு நடந்து வந்த பாதையில் மாண்ட நம் முன்னோருக்குச் சுவருமில்லை, பெயருமில்லையே என்று. கேள்வி நியாயமானது. அந்தப் போர் பேரரசுகளின் போட்டியால் மூண்டது. அதிலே செத்தவர்கள் பெரும்பாலும் ஆலைத் தொழிலாளரும் சுரங்கத் தொழிலாளரும் உழவருமே. அதைப் புகழ்ந்து பேச நாம் இக்கதையைச் சொல்லவில்லை.

ஆனால் ஒரு மனிதனின் நேர்மையை அவனுடைய இனத்தையோ உத்தியோகத்தையோ வைத்து அளக்கலாகாது. வெளியேற நியாயமான காரணம் கையில் இருந்தபோதும், தம்மை நம்பி நின்றவர்களை விட்டு அவர் வெளியேறவில்லை. இதைச் செய்வதற்குப் போர்க்களம் வேண்டியதில்லை. 1918இல் உலகெங்கும் பரவிய விஷக்காய்ச்சல் இலங்கைக்கும் வந்தது. நோயாளியைத் தொட அஞ்சிய நாட்களிலும் அருகில் இருந்து கஞ்சி வார்த்தவர்கள் எந்தக் காலத்திலும் உண்டு. அவர்களுக்கு விருது கிடையாது. நினைவு மட்டுமே உண்டு.

ஆகவே இந்த வாரம் குடும்பமாகக் கூடியிருக்கும் ஒரு மாலையில், உங்கள் வீட்டுப் பெரியவர்களிடம் கேளுங்கள். பஞ்சத்திலோ நோயிலோ மண்சரிவிலோ வன்செயலிலோ, பிறரை முன்னே அனுப்பிவிட்டுக் கடைசியாக வெளியேறியவர் உங்கள் குடும்பத்தில் யார்? அவர் பெயரைப் பிள்ளைகளுக்குச் சொல்லுங்கள். ஒரு கொப்பியில் எழுதியும் வையுங்கள். சுவர் கட்டி எழுத நம்மிடம் வசதி இல்லாவிட்டாலும், பெயர் அழியாமல் காக்க அதுவே போதும்.