வெப்பத்தை வீணாக்காத எந்திரம்

'டீசல்' என்பது இன்று ஓர் எரிபொருளின் பெயர். முதலில் அது ஒரு பொறியாளரின் குடும்பப்பெயராக இருந்தது. ருடால்ஃப் டீசல், 1858ஆம் ஆண்டு மார்ச் 18ஆம் நாள் பாரிஸ் நகரில் ஜெர்மானியப் பெற்றோருக்குப் பிறந்தார். அவருடைய தந்தை தோல்பொருள் செய்யும் கைவினைஞர். 1870இல் பிரான்சுக்கும் பிரஷ்யாவுக்கும் போர் மூண்டபோது அக்குடும்பம் இலண்டனுக்குப் புலம்பெயர்ந்தது. பன்னிரண்டு வயது ருடால்ஃப், ஜெர்மனியின் ஆக்ஸ்பர்க் நகரிலிருந்த உறவினர் இல்லத்திற்கு அனுப்பப்பட்டார். கல்வியே அவருக்குப் பற்றுக்கோடாயிற்று.

பின்னர் மியூனிக் நகரில் பேராசிரியர் கார்ல் வான் லிண்டேயிடம் பொறியியல் பயின்றார். எரிபொருள் தரும் வெப்பத்தில் ஏறத்தாழப் பத்தில் ஒரு பங்கையே நீராவி எந்திரம் வேலையாக மாற்றுகிறது. எஞ்சியது வீணாகிறது என்பதை அங்கு அறிந்தார். அவ்விழப்பைக் குறைப்பதே அவர்தம் வாழ்நாள் நோக்கமாயிற்று. பேராலைகளுக்கே உரியதாக இருந்த எந்திர ஆற்றல், சிறு பட்டறைக் கைவினைஞர்க்கும் கிட்டவேண்டும் எனவும் விரும்பினார்.

மிதிவண்டிச் சக்கரத்திற்குக் காற்றடிக்கும்போது பம்பு சூடாகும். காற்றை அழுத்த அழுத்த அதன் வெப்பநிலை உயர்வதே அதற்குக் காரணம். அவ்வெப்பத்தைக் கொண்டே, தீப்பொறியின்றி எரிபொருளைப் பற்றவைக்கும் முறையை டீசல் வகுத்தார். 1893 ஆகஸ்ட் 10ஆம் நாள் ஆக்ஸ்பர்க் எந்திர ஆலையில் முதற்சோதனை நிகழ்ந்தது. அழுத்தத்தை அளக்கும் கருவி வெடித்துச் சிதறியது. அவர் மயிரிழையில் உயிர் தப்பினார். ஆயினும் முயற்சியைக் கைவிடவில்லை. 1897 பிப்ரவரியில் நடந்த சோதனையில் அவரது எந்திரம் 26 விழுக்காட்டுக்கு மேல் திறன் காட்டியது.

1900இல் பாரிஸ் உலகக் கண்காட்சியில் சிறிய டீசல் எந்திரம் ஒன்று நிலக்கடலை எண்ணெயால் இயக்கப்பட்டது. கனிம எண்ணெய்க்கென அமைக்கப்பட்ட அவ்வெந்திரம் எவ்வித மாற்றமுமின்றிச் சீராக ஓடியது. பார்வையாளருள் மிகச் சிலரே அதனை அறிந்திருந்தனர். நிலக்கடலை விளையும் ஆப்பிரிக்கப் பகுதிகள் தம் எரிபொருளைத் தாமே பெற இயலுமா எனக் கண்டறிய, பிரெஞ்சு அரசு அம்முயற்சியில் ஆர்வம் காட்டியிருந்தது. டீசலும் அத்தகைய ஆய்வுகளை மேற்கொண்டார். தாவர எண்ணெய்கள் ஒருநாள் பெட்ரோலியத்திற்கு நிகரான முதன்மை பெறக்கூடும் என்று 1912இல் எடுத்துரைத்தார்.

புகழ் உயர்ந்தபோதும் அவர் வாழ்வில் அமைதி நிலைக்கவில்லை. காப்புரிமைப் பூசல்கள், உடல்நலக்குறைவு, முதலீட்டு இழப்புகள் ஆகியன அவரை நலிவுறச் செய்தன. 1913 செப்டம்பர் 29ஆம் நாள் இரவு, ஆன்ட்வெர்ப் துறைமுகத்திலிருந்து இங்கிலாந்து சென்ற கப்பலிலிருந்து அவர் காணாமற்போனார். சில நாள்களுக்குப்பின் கடலில் ஓர் உடல் காணப்பட்டது. அதனிடமிருந்து எடுக்கப்பட்ட பொருள்கள் அவருடையவை என்று குடும்பத்தார் அறிந்தனர். அவர் இறந்தது எவ்வாறு என்பது இன்றளவும் உறுதிப்படவில்லை.

பெட்ரோலியம் மலிவாகக் கிடைத்த காலத்தில் அவருடைய தாவர எண்ணெய்ச் சிந்தனை மறக்கப்பட்டது. இன்று புங்க விதையிலிருந்தும், பயன்படுத்திய சமையல் எண்ணெயிலிருந்தும் உயிரி டீசல் உருவாக்கப்படுகிறது. ஆகஸ்ட் 10, உலக உயிரி எரிபொருள் நாளாக இந்தியாவில் கடைப்பிடிக்கப்படுகிறது. அளவுகருவி வெடித்துச் சிதறிய அந்த முதற்சோதனை நாளே, அவர்தம் தொலைநோக்கை நினைவூட்டும் நாளாகவும் விளங்குகிறது.