ஜகதீச சந்திர போஸின் தகரப் புனல்

ஜகதீச சந்திர போஸ் என்றதும் தொட்டாற்சிணுங்கிச் செடிதான் பலருக்கும் நினைவு வரும். ரேடார் பயிலும் எனக்கோ அவருடைய தகரப் புனல்தான் கண்முன் நிற்கிறது.

1858-இல் வங்கத்தில் பிறந்தவர். கேம்பிரிட்ஜில் பயின்று திரும்பி, 1885-இல் கல்கத்தா பிரஸிடென்ஸி கல்லூரியில் பௌதிக ஆசிரியரானார். வெள்ளையருக்கு முழுச் சம்பளம். இந்தியருக்கு மூன்றில் இரு பங்கு. வேலை தற்காலிகம் என்று அதிலும் பாதி. அவர் ராஜினாமா செய்யவில்லை. மூன்றாண்டுகள் பாடம் நடத்தினார். சம்பளத்தை மட்டும் தொடவில்லை. முடிவில் பாக்கி அனைத்தும் முழு விகிதத்தில் கைக்கு வந்தது. அதைக் கொண்டு தந்தையின் கடனை அடைத்தார்.

ஆய்வுக்கூடமா? ஒரு சிற்றறையும், உதவிக்கு ஒரு தகரக் கொல்லரும்தான். அதற்குள், ஹெர்ட்ஸ் கண்ட மின் அலைகளை 5 மில்லிமீட்டர் வரை குறுக்கினார். நீண்ட அலையை ஒளியைப்போல் ஆராயப் பெரும் பெரும் கருவிகள் வேண்டும். குறுகிய அலைக்கு ஒரு மேஜை போதும். முறுக்கிய சணலால் அலையின் அதிர்வுத் தளத்தைத் திருப்பிக் காட்டினார். ரயில் கால அட்டவணைப் புத்தகமும் அவருக்குக் கருவியாயிற்று! 1895-இல் கல்கத்தா டவுன் ஹாலில், சுவர்களை ஊடுருவிச் சென்ற அலை தொலைவிலிருந்த மணியை அடித்தது, வெடிமருந்தையும் கொளுத்தியது.

ரேடாரைக் கண்டவரே போஸ் என்று மேடையில் முழங்குவோர் உண்டு. அது சரியன்று. எதிரொலி திரும்பும் நேரத்தை அளந்து தூரம் காணும் வேலையை அவர் செய்யவில்லை. ஆனால் அவர் விரும்பிய குறுகிய அலையின் அருமை பின்னாளில் தெரிந்தது. மேகத்தின் நுண்துளிகள் நீண்ட அலையை அநேகமாகத் திருப்புவதே இல்லை. அலைநீளம் பாதியானால் எதிரொலி பதினாறு மடங்காகும். 2006-இல் ஏவிய கிளவுட்சாட்டும் 2024-இல் ஏவிய எர்த்கேரும் ஏறக்குறைய 3 மில்லிமீட்டர் அலையால் மேகங்களின் உள்ளமைப்பைப் படம் பிடித்தது இதனால்தான். மண்ணுக்கடியில் பார்ப்பதற்கு மட்டும் நீண்ட அலையே உதவும்.

1917-இல் தம் பெயரால் ஆராய்ச்சி நிலையம் அமைத்தார், 1937-இல் மறைந்தார்.

எனக்கு வேண்டிய கொம்பு ஆன்டெனா ஏழு மாதமாகியும் வந்தபாடில்லை. ஆராய்ச்சியை விட்டுவிட்டுச் சென்னைக்கே வேலைக்குப் போய்விடலாம் என்று அம்மாவுக்குச் சொல்லியும் விட்டேன். போஸ் அலையைத் திரட்டப் பயன்படுத்திய புனல்தானே இந்தக் கொம்பு? சென்ற சனிக்கிழமை கடைத்தெருவில் ஒரு தகர வேலைக்காரரைக் கண்டு, என் அரைகுறை வங்காளியில் அளவு சொன்னேன். எண்ணெய் ஊற்றவா என்று கேட்டார். திங்களன்று தருவதாகச் சொல்லியிருக்கிறார்.