மல்லர் காஷாபா ஜாதவ்

மற்போர் நம் நாட்டிற்குப் புதிய கலையன்று. வீமன் சராசந்தனோடு பொருததும், கண்ணபிரான் சாணூரனை வீழ்த்தியதும் நம் இல்லத்துச் சிறாரும் அறிந்த கதைகள். மாமல்லன் என்னும் பெயரைப் பல்லவ வேந்தன் ஒருவன் விரும்பிப் பூண்டான். ஆயினும் இத்திங்கள் நாம் எழுதப் புகுவது புராண மல்லர் சரிதமும் அரசர் சரிதமும் அன்று. மராட்டிய நாட்டுக் குடியானவர் மகனாய்ப் பிறந்து, உலக மல்லர் கூடிய அவையில் பதக்கம் பெற்ற காஷாபா தாதாசாகேப் ஜாதவ் என்பாரின் வரலாறே யாகும்.

இவர் 1926-ஆம் ஆண்டு ஜனவரித் திங்கள் 15-ஆம் நாள், அந்நாளைய பம்பாய் மாகாணத்துச் சாதாரா ஜில்லாவில், கராடு நகரை அடுத்த கோலேஷ்வர் என்னும் சிற்றூரில் தோன்றினார். தந்தையார் தாதாசாகேப் தாமே ஒரு பயில்வான். அவருக்குப் பிறந்த ஆண்மக்கள் ஐவருள் கடைக்குட்டி காஷாபா. ஆகவே கோதா மண்ணே இவருக்குத் தொட்டிலாயிற்று, தந்தையாரே முதலாசானாயினார். கராடு உயர்தரப் பாடசாலையில் கல்வி பயின்ற நாட்களில் நாட்டு விடுதலைக் கிளர்ச்சி மூண்டது. 1942-ஆம் ஆண்டுப் போராட்டத்தில் தலைமறைவாயிருந்த தொண்டர்க்கு ஒதுங்க இடந்தந்தும் கடிதங்களைக் கொண்டு சேர்த்தும் இவர் துணை நின்றார்.

பின்னர்க் கோலாப்பூர் இராஜாராம் கலாசாலையிற் சேர்ந்தார். கோலாப்பூர் மல்லர்க்குத் தாய்வீடு போன்றது. சாகு மகாராஜா அங்கே காஸ்பாக் என்னும் பெரிய மற்களத்தை 1912-இல் அமைத்து, மல்லர்களைப் போற்றி வளர்த்தார். அவ்வூரிற் பயின்ற ஜாதவ் உருவத்தாற் சிறியர். பார்ப்போர் முதலில் இவரைப் பொருட்படுத்தார். எதிரியின் தலையைப் பற்றிச் சுழற்றி மண்ணிற் கிடத்தும் தாக் என்னும் பிடியில் இவர் கை தேர்ந்தவர். அதனைக் கண்ட பின்னரே பலர் இவரை மதிக்கத் தலைப்பட்டனர்.

1948-ஆம் ஆண்டு இலண்டன் மாநகரில் நடந்த ஒலிம்பிக் பந்தயங்களுக்கு இவர் சென்றபோது, வழிச்செலவைக் கோலாப்பூர் மகாராஜா ஏற்றுக்கொண்டார். அங்கே ஓர் இடர் காத்திருந்தது. நம் நாட்டுக் குஸ்தி, மோரும் எண்ணெயும் மஞ்சளும் கலந்து பதப்படுத்திய மண்ணில் நடப்பது. முதுகு மண்ணிற் படும்வரை நீள்வது. ஒலிம்பிக் மற்போரோ மெத்தை விரிப்பின்மேல், கடிகாரத்தை வைத்துக்கொண்டு, நடுவர்தம் தீர்ப்புக்கு உட்பட்டு நடைபெறுவது. இவர் கலந்துகொண்ட ஃப்ரீஸ்டைல் வகையில் எதிரியின் காலைப் பற்றலாம், காலாலும் இடறலாம். கிரேக்க-ரோம வகையில் இடுப்புக்குக் கீழே கை செல்லலாகாது. மண்ணில் வளர்ந்த கால்களுக்கு அம்மெத்தை வழுக்குவது போலிருந்திருக்கும். எனினும் 52 கிலோ எடைப் பிரிவில் ஆறாம் இடத்தைப் பெற்றார். 

ஆறாம் இடம் இவருக்கு நிறைவளிக்கவில்லை. ஊர் திரும்பியதும் 57 கிலோ எடைப் பிரிவுக்கு உயர்ந்து, நான்காண்டு இடையறாது உழைத்தார். 1952-ஆம் ஆண்டு ஹெல்சிங்கிக்கு ஆள் தெரிந்தபோது இவர் பெயர் விடுபட்டது. தீர்ப்பில் தமக்கு நேர்மை கிட்டவில்லை எனப் பாட்டியாலா மகாராஜாவிடம் முறையிட்டு, மீண்டும் ஒரு போட்டி வேண்டிப் பெற்று, அதில் வென்றார். வென்றும் பயனென்? பின்லாந்து செல்லக் கையிற் பொருளில்லை. அரசினரை அணுகியும் வேண்டிய அளவு கிட்டவில்லை. ஊரார் தத்தமக்கு இயன்றதை ஈந்தனர். எஞ்சிய குறையைத் தீர்த்தவர் இராஜாராம் கலாசாலைத் தலைவர் கர்டீகர் ஆவர். அவர் தம் வீட்டை அடகு வைத்து 7,000 ரூபாய் கொடுத்தார்.

இவ்விடத்தில் சற்றே நிற்க விரும்புகின்றோம். நாமும் ஆசிரியத் தொழிலில் இருபதாண்டு கழித்துள்ளோம். ஏழை மாணாக்கன் ஒருவனுக்குப் பரீட்சைக் கட்டணம் கட்டியதையே பெருந்தருமமாக வீட்டிற் பன்முறை சொல்லிக்கொண்டதுண்டு. குடியிருக்கும் வீட்டை, அதுவும் வெல்வானோ தோற்பானோ என்று எவரும் அறியாத ஒரு மல்லன் பொருட்டு, அடகு வைத்தவர் மனைவி மக்களிடம் என்ன சொல்லியிருப்பார் என எண்ணுந்தோறும் நமக்கு வியப்பு அடங்குவதில்லை.

ஹெல்சிங்கியில் கனடா, மெக்சிகோ, ஜெர்மனி நாட்டு மல்லர்களை ஜாதவ் வென்றார். ஜப்பானியராகிய ஷோஹாச்சி இஷியுடன் நெடுநேரம் பொருது தோற்றார். இந்த இஷியே பின்னர்ப் பொற்பதக்கம் பெற்றவர். களைப்புத் தீருமுன்னரே சோவியத் மல்லர் ரஷீத் மம்மத்பெயோவுடன் பொருமாறு இவரை அழைத்தனர் என்றும், இரு போர்களுக்கிடையே அரைமணி ஓய்வு விதிப்படி உண்டாயினும் அதனைக் கேட்டுப் பெற நம் நாட்டு அதிகாரி எவரும் அருகில் இலர் என்றும் இவர் சரிதம் எழுதினோர் குறிப்பிடுகின்றனர். அதிலும் தோற்றார். மூன்றாம் இடமும் வெண்கலப் பதக்கமும் கிடைத்தன. அது ஜூலைத் திங்கள் 23-ஆம் நாள். மறுநாள் நம் ஹாக்கிக் குழுவினர் தங்கம் வென்றனர். நாட்டின் ஆரவாரம் அப்பக்கம் திரும்பிற்று. 1900-ஆம் ஆண்டு பாரிசில் நார்மன் பிரிச்சர்டு ஓட்டத்தில் இரண்டு வெள்ளிப் பதக்கம் பெற்றார். ஆனால் அது ஆங்கிலேயர் ஆட்சிக்காலம். அவர் எந்நாட்டின் சார்பில் ஓடினார் என்பதிலும் வழக்குண்டு. விடுதலை பெற்ற இந்தியாவிற்குத் தனியொருவராய் ஒலிம்பிக் பதக்கம் கொணர்ந்தவருள் முதல்வர் ஜாதவே. அடுத்தவரைக் காண நாடு 1996 வரை, அஃதாவது 44 ஆண்டு, காத்திருந்தது.

தலைநகர் மறந்தாலும் ஊர் மறக்கவில்லை. கராடிலிருந்து அவரை அழைத்துச் செல்ல 151 மாட்டுவண்டிகள் திரண்டன என்பர். கால்மணியிற் கடக்கும் வழியை அவ்வூர்வலம் ஏழுமணி நேரத்திற் கடந்ததாம். மாலையும் மேளமும் ஓய்ந்தபின் ஜாதவ் செய்த முதற் காரியம் யாது? கோலாப்பூரிற் குஸ்திப் பந்தயங்கள் நடத்தி, அவற்றில் தாமே இறங்கிப் பொருது, வந்த பரிசுப் பொருளைக்கொண்டு தம் ஆசிரியர் வீட்டை அடகினின்று மீட்டார்.

1955-இல் போலீஸ் இலாகாவில் சப்-இன்ஸ்பெக்டராக அமர்ந்தார். முழங்காலில் நேர்ந்த காயத்தால் 1956-ஆம் ஆண்டு மெல்போர்ன் பந்தயங்களுக்குச் செல்ல இயலவில்லை. 27 ஆண்டு உழைத்து, உதவிக் கமிஷனராய் ஓய்வு பெற்றார். ஓய்வூதியத்தின் பொருட்டோ மிக அலைய நேர்ந்தது. 1982-ஆம் ஆண்டு தில்லியில் ஆசியப் பந்தயங்கள் நடந்தபோது, தொடரோட்டத்தில் தீபம் ஏந்தும் வாய்ப்பு அவருக்குக் கிட்டியது. 1984-ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள் 14-ஆம் நாள் சாலை விபத்தொன்றில் உயிர் நீத்தார். அப்போது அவருக்கு வயது 58.

அர்ஜுனா விருது அவர் மறைந்து பல ஆண்டுக்குப் பின்னரே வழங்கப்பெற்றது. அதனை வாங்கிக்கொள்ள அவர் இல்லை. 2010-ஆம் ஆண்டு தில்லி இந்திரா காந்தி விளையாட்டரங்கத்தைச் சார்ந்த மற்போர்க் கூடத்திற்கு அவர் பெயரிட்டனர். கோலேஷ்வரில் உள்ள அவர் வீட்டிற்கு ஒலிம்பிக் நிவாசம் என்று பெயர்.