மூன்றாவது ஆள்

லாரல் - ஹார்டி என்றதும் ஒல்லியும் குண்டுமாக இரண்டு பேர்தான் ஞாபகத்துக்கு வருவார்கள். விடுதியில் ஒரே மடிக்கணினியைச் சுற்றிப் பத்துப் பேர் முண்டியடித்து அவர்கள் படம் பார்த்ததை எங்கள் செட் மறந்திருக்காது. எனக்கென்னவோ அவர்களிடம் மாட்டிக்கொண்டு முழிக்கும் வழுக்கைத் தலைக்காரர் மேல்தான் கண். ஒட்டு மீசை, ஒரு கண்ணை இடுக்கி ஒரு முறைப்பு. பெயர் ஜேம்ஸ் ஃபின்லேசன்.

1887-ல் ஸ்காட்லாந்தின் லார்பெர்ட்டில் பிறந்தவர். முதலில் தகர வேலை. (முதலாண்டு ஒர்க்‌ஷாப்பில் நாம் கையைக் கிழித்துக்கொண்டோமே, அதே தொழில்!) பிறகு நாடகம். ஒரு நாடகத்தோடு அமெரிக்கா போனவர், அப்படியே ஹாலிவுட்டில் தங்கிவிட்டார்.

1927-ல் ஹால் ரோச் ஸ்டூடியோ எடுத்த 'லவ் எம் அண்ட் வீப்' படத்தில் முதலாளி வேடம் இவருக்கு. லாரல் இவருடைய உதவியாளர். ஹார்டிக்கோ சும்மா வந்து போகிற வேடம். மூவரையும் ஒரு கூட்டணியாக்கக்கூட ஸ்டூடியோ யோசித்தது. ஆனால் ஜனங்களுக்கு இருவரே போதும் என்றாகிவிட்டது. 1931-ல் அதே கதையை 'சிக்கன்ஸ் கம் ஹோம்' என்று பேசும் படமாக எடுத்தபோது முதலாளி நாற்காலியில் ஹார்டி. ஃபின்லேசனுக்கு அந்த வீட்டு வேலைக்காரர் வேடம்!

என்னிடம் வேலை பழகியவர் எனக்கே மேலதிகாரியாக வந்த வாரம், தற்செயலாக அந்தப் படத்தை மறுபடி பார்த்தேன். முதலாளியின் ரகசியத்தை மறைப்பதற்கு இவர் காசு கறக்கிறார் பாருங்கள், முகத்தில் துளிக் கசப்பு இல்லை. எழுதி வைத்திருந்த ராஜினாமாக் கடிதம் இன்னும் என் மேஜை டிராயரில்தான் கிடக்கிறது.

அவருடைய உச்சம் 1929-ல் வந்த 'பிக் பிசினஸ்'. மௌனப் படம். கலிஃபோர்னியா வெயிலில் கிறிஸ்துமஸ் மரம் விற்க வரும் இருவரை வேண்டாமென்று அனுப்புகிறார். மரக்கிளை கதவிடுக்கில் மாட்டுகிறது, மறுபடி மணி அடிக்கிறார்கள். அவ்வளவுதான் சண்டைக்குக் காரணம். அவர்கள் இவர் வீட்டை நொறுக்க, இவர் அவர்கள் காரைப் பிய்த்துப் போடுகிறார். வேடிக்கை என்னவென்றால், ஒருத்தர் உடைக்கும்போது மற்றவர் தடுப்பதே இல்லை, நின்று பார்க்கிறார். ஃபின்லேசன் ஒரு தடவை பார்ப்பார், சாதாரணமாகத் திரும்புவார், அப்புறம் மண்டையில் உறைத்துச் சடாரென்று மறுபடி பார்ப்பார். சிரிப்பு அந்த இடைவெளியில்தான் இருக்கிறது. டைம் டிலே வந்தால் சிஸ்டம் கவிழ்ந்துவிடும் என்று கண்ட்ரோல்ஸ் பாடத்தில் படித்தோம், இங்கே டிலே இல்லாவிட்டால் படமே கவிழ்ந்துவிடும். 1992-ல் அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இதைச் சேர்த்தார்கள்.

இருவரோடும் 33 படங்கள். கடைசியாகச் சேர்ந்து நடித்தது 1940-ல். 1951-ல் 'ராயல் வெடிங்' படத்தில் ஒரு வண்டிக்காரராகத் தலைகாட்டினார். 1953 அக்டோபர் 9 அன்று 66 வயதில் மாரடைப்பில் காலமானார். ஹோமர் சிம்ப்சன் போடும் அந்த 'டோ!' இவர் இழுத்து முனகியதன் சுருக்கம்தான் என்பது ஜூனியர்களுக்கான கொசுறு.

சந்திப்புக்கு வரும்போது பென் டிரைவில் 'பிக் பிசினஸ்' கொண்டு வருகிறேன். விடுதியில் யாராவது ரூம் கொடுத்தால் போதும், மொத்தமே 19 நிமிஷம்தான்.