டிவிஎஸ்-ல் இருக்கும் ‘டி’ எந்த ஊர் தெரியுமா? ரேஸ் பைக்குகளில் ஓடும் ஒரு திருநெல்வேலிக்காரர் பெயர்

அப்பாச்சி பைக் வைத்திருப்பவர்களிடம் ஆர்டிஆர் என்றால் என்னவென்று கேட்டால் சட்டென்று சொல்லிவிடுவார்கள்: ரேஸிங் த்ராட்டில் ரெஸ்பான்ஸ். ஆனால், அதே டேங்கில் இருக்கும் டிவிஎஸ்-க்கு விரிவு கேட்டால் பாதிப் பேர் யோசிப்பார்கள். முதல் எழுத்து ஓர் ஊர்: திருநெல்வேலி மாவட்டத்துத் திருக்குறுங்குடி. கடைசி எழுத்து ஓர் ஆள்: சுந்தரம் ஐயங்கார்.

இதில் வேடிக்கை என்னவென்றால், அவர் ஒரு மோட்டார் சைக்கிள்கூடத் தயாரித்ததில்லை. டிவிஎஸ் ரேஸிங் அணி தொடங்கியது 1982-ல். அவர் இறந்து அப்போது 27 வருஷம் ஆகிவிட்டது. பிறகு எப்படி அவர் பெயர் ரேஸ் டிராக்குக்கு வந்தது?

நம்பியாற்றங்கரையிலிருந்து...

1877 மார்ச் 22 அன்று திருக்குறுங்குடியில் பிறந்தார் சுந்தரம் ஐயங்கார். நெல்லை என்றதும் தாமிரபரணிதான் நினைவுக்கு வரும். இந்த ஊருக்கு ஆறு வேறு, நம்பியாறு. 108 திவ்யதேசங்களில் ஒன்றான நம்பி கோயில் இருக்கும் ஊர். பின்னால் மகேந்திரகிரி மலை. இன்று இஸ்ரோ ராக்கெட் இன்ஜின்களைச் சோதிக்கும் இடத்துக்குப் பெயர் கொடுத்த அதே மலைதான்.

அப்பாவின் ஆசைப்படி வக்கீல் ஆனார். அது ஒட்டவில்லை. ரயில்வேயில் சேர்ந்தார், அடுத்து வங்கி. மாதச் சம்பளம், மரியாதை, பாதுகாப்பு எல்லாம் இருந்த வேலைகள். அந்தக் காலத்தில் அவர் வீட்டுச் சூழலில் இதைவிட என்ன வேண்டும்? அதை உதறிவிட்டு, முப்பதுகளின் நடுவில், பஸ் விடப்போனார். 1911-ல் மதுரையில் டி.வி.சுந்தரம் ஐயங்கார் அண்டு சன்ஸ் நிறுவனம் பிறந்தது. மாட்டுவண்டியும் ஜட்காவும் ஓடிக்கொண்டிருந்த சாலைகளில், மோட்டார் வண்டிக்குச் சரியான நேரத்தில் ஜனம் வந்து நிற்கும் என்று நம்பி முதல் போட்டது சாதாரண ரிஸ்க் இல்லை.

வேகம் இல்லை, நேரம்

அன்றைய பஸ்ஸுக்கு முதல் எதிரி ஆணி. காளைகளின் லாடத்திலிருந்து உதிர்ந்த ஆணிகள் சாலையெங்கும் கிடக்கும். டயரில் ஏறினால் அவ்வளவுதான், நடுவழியில் பஞ்சர். இதற்காகக் காந்தம் கட்டிய வண்டி ஒன்றை முன்னால் ஓட்டி ஆணிகளைப் பொறுக்க வைத்தார் என்று ஒரு கதை இன்றும் சொல்லப்படுகிறது. டிவிஎஸ் பஸ் வருவதைப் பார்த்துக் கடிகாரத்தைத் திருத்திக்கொள்வார்கள் என்பது மதுரைப் பக்கத்துப் பெரியவர்கள் சலிக்காமல் சொல்லும் இன்னொரு கதை. கொஞ்சம் மிகை இருக்கலாம்தான். ஆனால் எந்த பஸ் முதலாளியைப் பற்றியும் ஊர் இப்படிக் கதை கட்டுவதில்லையே.

நேரத்துக்கு ஓட வேண்டுமென்றால் வண்டி வழியில் நிற்கக் கூடாது. நிற்காமல் இருக்க நல்ல பட்டறை வேண்டும், உதிரிபாகம் கையிருப்பில் வேண்டும், டயரைச் சரிபண்ணத் தெரிய வேண்டும். பஸ் கம்பெனியிலிருந்து அவர் மற்ற தொழில்களுக்குப் போன வழியைப் பார்த்தால், எல்லாம் இந்தத் தேவையின் நீட்சியாகவே தெரிகிறது. உதிரிபாகத்துக்கு மெட்ராஸ் ஆட்டோ சர்வீஸ், வாகன விற்பனைக்கு சுந்தரம் மோட்டார்ஸ், தேய்ந்த டயருக்குப் புது ரப்பர் போடும் தொழில் என்று குழுமம் வளர்ந்தது.

உண்மையான சோதனை இரண்டாம் உலகப்போரில் வந்தது. பெட்ரோலுக்குக் கடும் தட்டுப்பாடு, ரேஷன். பஸ்கள் நின்றால் தொழிலே போய்விடும். டிவிஎஸ் கேஸ் பிளான்ட் என்ற கருவியைத் தயாரித்து வண்டிகளில் பொருத்தினார்கள். அடுப்புக்கரியை எரித்து, அதிலிருந்து வரும் வாயுவால் இன்ஜினை ஓட்டும் ஏற்பாடு. புறப்படும் முன்பே நெருப்பு மூட்ட வேண்டும், சாம்பல் வழிக்க வேண்டும், மேட்டில் ஏறும்போது இழுவை குறையும். ஆனாலும் பஸ் ஓடியது.

வீட்டுக்குள் வேறொரு சோதனை. மகள் சௌந்தரத்துக்குச் சிறு வயதிலேயே கல்யாணம், இளம் வயதிலேயே கணவர் மரணம். மூலையில் உட்காரவைக்கும் வழக்கத்துக்கு மாறாக மகளை டெல்லிக்கு அனுப்பி மருத்துவம் படிக்க வைத்தது அந்தக் குடும்பம். ஆனால் அந்த மகள் வேறு சாதியைச் சேர்ந்த காந்தியவாதி ஜி.ராமச்சந்திரனை மணக்க விரும்பியபோது, பெற்றோர் சம்மதிக்கவில்லை. 1940-ல் காந்தி முன்னிலையில் அந்தத் திருமணம் நடந்தது. சின்னாளபட்டிக்கு அருகே காந்திகிராமத்தை உருவாக்கிய டாக்டர் சௌந்தரம் இவர்தான். சாலையில் யாருக்கும் முன்னால் போனவர், வீட்டில் மகளுக்குப் பின்னால்தான் வர முடிந்தது.

1955 ஏப்ரல் 28 அன்று கொடைக்கானலில் காலமானார் சுந்தரம் ஐயங்கார்.

பஸ் போச்சு, மொபெட் வந்தது

1970-களின் தொடக்கத்தில் தமிழ்நாடு அரசு பஸ் தடங்களை நாட்டுடைமை ஆக்கியது. மதுரையில் டிவிஎஸ் பஸ்களைக் கொண்டு பாண்டியன் போக்குவரத்துக் கழகம் உருவானது. அதிலிருந்து 1974-ல் பிரிந்ததுதான் திருநெல்வேலியின் கட்டபொம்மன் போக்குவரத்துக் கழகம். குடும்பத்தின் ஆதித்தொழில் கையைவிட்டுப் போனது.

ஆனால், அவருடைய மகன்களில் ஒருவரான டி.எஸ்.சீனிவாசன் 1962-லேயே இங்கிலாந்து நிறுவனத்தோடு சேர்ந்து சுந்தரம் கிளேட்டனைத் தொடங்கியிருந்தார். கனரக வாகனங்களுக்கான ஏர் பிரேக் தயாரிப்பு. அந்தக் கிளையிலிருந்துதான் 1980-ல் ஓசூரில் டிவிஎஸ் 50 பிறந்தது. இரண்டு பேர் உட்காரக்கூடிய மொபெட். அரிசி மூட்டையிலிருந்து பால் கேன் வரை சுமந்த அந்தச் சின்ன வண்டியைத்தான் இரண்டே வருஷத்தில் ரேஸுக்கு அனுப்பினார்கள்!

இடம், சென்னைக்கு வடக்கே சோழவரம். இரண்டாம் உலகப்போர்க் கால விமான ஓடுதளம். ஐரோப்பாவில், குறிப்பாக ஜெர்மனியில், லாங் டிராக் என்றொரு பைக் பந்தயம் உண்டு. ஏறத்தாழ ஆயிரம் மீட்டர் சுற்றளவுள்ள நீள்வட்ட மண் அல்லது புல் தடம். பைக்கில் பிரேக்கே கிடையாது, வளைவில் பின்சக்கரத்தைச் சறுக்கவிட்டே திரும்புவார்கள். நம்மூரில் அது வேர் பிடிக்கவில்லை. நமக்கு வாய்த்தது சோழவரம்தான். நீண்ட நேர்கோட்டில் முழு வேகம், முடிவில் பிரேக் பிடித்துத் திருப்பம். பிரேக் கம்பெனி வீட்டுப் பிள்ளைகளுக்கு ஏற்ற டிராக் என்று கிண்டலாகச் சொல்லலாம். 1990-ல் இருங்காட்டுக்கோட்டை டிராக் வந்தபின் பந்தயங்கள் அங்கே மாறின. மண் மேடுகளில் தாவும் சூப்பர்கிராஸ், ராலி என்று டிவிஎஸ் அணியும் பல பக்கம் விரிந்தது.

2015-ல் பிரான்ஸின் ஷெர்கோவுடன் சேர்ந்து டகார் ராலிக்கே போனது அந்த அணி. சுமார் இரண்டு வாரம், பல ஆயிரம் கிலோமீட்டர். பந்தயப் பகுதிகளில் யார் வேகம் என்று பார்ப்பார்கள். அவற்றை இணைக்கும் சாலைகளில் கணக்கே வேறு. குறித்த நேரத்துக்குள் அடுத்த சோதனைச் சாவடிக்கு வந்துசேர வேண்டும், தாமதமானால் அபராத நிமிடங்கள்.